லிஜா நிறுத்திய இடம்

சிலுவை நிற்கும் குருசடி முக்கில் ஃப்ளெக்ஸ் கட்டிய அன்றைக்கு லிஜாவுக்குச் சோறு இறங்கவில்லை. ஆள் உயரத்துக்கு அவளுடைய கல்யாணப் படம். தலையில் இருந்த வெள்ளை நெட் முக்காட்டை மட்டும் வெட்டியெடுத்துவிட்டு, கையில் இருந்த பூச்செண்டுக்குப் பதிலாக ஒரு மைக்கைச் செருகியிருந்தார்கள். ‘திரையுலகில் கால் பதிக்கும் எங்கள் ஊர்க் குயிலே, வாழ்க’ என்று மேலே எழுத்து. கீழே இளைஞர் இயக்கத்துப் பையன்கள் அத்தனை பேரும் கறுப்புக் கண்ணாடியோடு வரிசையாக நின்றார்கள். குயிலின் தலையைவிட இயக்கத் தலைவன் எபிசனின் தலை பெரிதாக இருந்தது. அதைக் கேட்பாரில்லை.

சங்கதி என்னவென்றால், குயில் கால் பதிக்கவில்லை. அவள் பாடியது டிராக். சட்டைத்துணியில் கத்தரி வைக்கும் முன்னால் தையல்காரர் காகிதத்தில் வெட்டிப் பார்ப்பாரே, அந்தக் காகிதம்தான் டிராக். மெட்டு எப்படி வந்திருக்கிறது என்று இயக்குநருக்குக் காட்டுவதற்காக யாரையாவது பாடவைத்துப் பதிவு செய்வார்கள். பிறகு பெரிய பாடகி வருவாள், அதைக் கேட்பாள், அதேபோலப் பாடிவிட்டுப் போவாள். முதலில் பாடியவளின் குரலை அழித்துவிடுவார்கள். அவளுக்கு ஒரு நன்றியும் ஒரு டீயும் மிச்சம்.

இதெல்லாம் லிஜாவுக்குத் தெரியாமல் இல்லை. டெனிஷ் கூப்பிடும்போதே சொல்லித்தான் கூப்பிட்டான். டெனிஷ் இதே ஊர்ப் பையன். கோயில் பாடகர் குழுவில் லிஜா பாட, அவன் கீபோர்டு வாசித்து வளர்ந்தவன். இப்போது மார்த்தாண்டத்தில் ஒரு ஜவுளிக்கடை மாடியில் ஸ்டுடியோ வைத்திருந்தான். முதல் தடவையாக ஒரு காதல் படத்துக்கு இசையமைக்க வாய்ப்பு வந்திருந்தது. பேச்சிப்பாறை அணைப் பக்கத்திலும் பத்மநாபபுரத்துத் தெருக்களிலும் எடுத்த படம். காதலனும் காதலியும் பிரிந்து, அழுது, ஒருவழியாகச் சேர்வதற்குள் ஆறு பாட்டு வந்துவிடும்.

“டிராக் மட்டுந்தான் அக்கா. சென்னையில இருந்து பெரிய பாடகி வாறாவ. ஆனா எம் மெட்டு உங்க வாயில வந்தாதான் எனக்கே அது என்னன்னு தெரியும்” என்றான்.

லிஜா எல்கேஜி டீச்சர். சனிக்கிழமை லீவுதானே என்று போனாள். சுவரெல்லாம் பஞ்சு ஒட்டிய ஒரு சின்ன அறை. காதில் ஹெட்போனை மாட்டிவிட்டு, கண்ணாடிக்கு அந்தப் பக்கம் போய் டெனிஷ் கையைக் காட்டினான். லிஜா பாடினாள்.

‘மேற்கே ஒரு மேகம், உன் பேரைக் கேட்டது...’

பாடிவிட்டு நின்றுவிட்டாள். தாளம் மட்டும் தனியாக நடந்து போய்க்கொண்டிருந்தது. ஒரு வரி பாடும் நேரம் கழிந்த பிறகு அடுத்த வரியை எடுத்தாள். டெனிஷ் பாட்டை நிறுத்தினான்.

“அக்கா, என்ன நடுவுல நிறுத்திட்டிய?”

“ஆளுவ பாடண்டாமா?”

“எந்த ஆளுவ?”

லிஜா சுற்றிலும் பார்த்தாள். பஞ்சுச் சுவர்தான் இருந்தது. இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். விஷயம் இதுதான். விவரம் தெரிந்த நாள் முதல் ஞாயிறு திருப்பலியில் பதிலுரைப் பாடல் பாடுகிறவள் அவள். பல்லவியை ஒரு தடவை பாடிவிட்டு நிறுத்த வேண்டும். சபை அதைத் திருப்பிப் பாடும். அது முடிந்த பிறகுதான் அடுத்தது. சோறு தின்றபின் கை கழுவுவதுபோல அது அவளுக்குப் பழகிப்போயிருந்தது.

நிறுத்தாமல் பாடச் சொல்லிப் பார்த்தான் டெனிஷ். பாடினாள். ஆனால் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவள் மாதிரி இருந்தது. இன்னொரு தடவை பாடினாள், அது இன்னும் மோசம். கடைசியில் அவன், “உங்க போக்குல பாடுங்க அக்கா, என்ன கெட்டுது, டிராக்குதானே” என்று விட்டுவிட்டான். நிறுத்தி, காத்திருந்து, எடுத்து, அவள் போக்கில் பாடி முடித்தாள். அன்றைக்கு நன்றாகவே வந்தது. திரும்பி வரும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து அந்தப் பாட்டையே முணுமுணுத்துக்கொண்டு வந்தாள்.

வீட்டுக்கு வந்தபோது மாமியார் இசபெல் மீன்சட்டியைக் கவிழ்த்து வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தாள். இசபெல் கடற்கரை ஏலத்தில் மீன் எடுத்து மார்த்தாண்டம் சந்தையில் விற்கிறவள். அவளிடம் ஒரு சேதி போனால் அது மீனோடு சேர்ந்து ஊர் ஊராகப் போய்விடும்.

“மாமி, அது டிராக்காக்கும். பெறவு வேற ஆளு பாடுவாவ” என்று லிஜா தெளிவாகத்தான் சொன்னாள்.

“நீ பாடுனியா இல்லியா?”

“பாடுனேன்.”

“சினிமாவுக்குத்தான?”

“ஆமா, ஆனா...”

“பின்ன என்னட்டி?” என்றாள் இசபெல். அவளுடைய கணக்கில் வழக்கு அத்தோடு முடிந்தது.

திங்கட்கிழமை ஏலத்தில் மீன் விலைக்கு முன்னால் லிஜா சினிமாவில் பாடிய சேதி போனது. கத்தாரில் கப்பல் வேலையில் இருக்கும் புருஷன் லிபினுக்கு நடந்தது முழுதும் தெரியும். தெரிந்தும் ஸ்டேட்டஸில் அவள் படத்தை வைத்து நெருப்புப் பொம்மைகளாக அடுக்கியிருந்தான். அடுத்த ஞாயிற்றுக்கிழமை பங்குத்தந்தை சகாயம், கல்யாணம் நிச்சயமான ஜோடிகளின் திருமண ஓலை வாசித்த கையோடு அதையும் அறிவித்துவிட்டார். கோயிலே கைதட்டியது. லிஜா வாசக மேடையில் நின்றுகொண்டு தலையைக் குனிந்தாள். அடக்கமான பிள்ளை என்று அதற்கும் ஒரு பேர் கிடைத்தது.

அவளும் அன்றைக்கே வாயைத் திறந்திருக்கலாம். திறக்காததற்குக் காரணம் இருந்தது. மறைப்பானேன், உள்ளுக்குள் ஒரு நப்பாசை. பெரிய பாடகிக்குத் தொண்டை கட்டலாம், விமானம் தவறலாம், இயக்குநருக்கு இந்தக் குரலே பிடித்துப்போகலாம். யாருக்கும் கெடுதல் நினைக்காத லிஜா, முன்பின் தெரியாத ஒருத்திக்குச் சளி பிடிக்கட்டும் என்று ஒரு செபமாலையே சொல்லியிருப்பாள்.

சளி பிடிக்கவில்லை. ஆல்பம் வெளியாகிற வாரத்தில் டெனிஷ் போன் செய்தான்.

“அக்கா, அவிய பாடியாச்சு. நல்லாட்டு வந்திருக்கு.” அவன் குரலில் கொஞ்சம் சங்கடம் இருந்தது. “ஒண்ணு மட்டும் கேளுங்க. டைரக்டர் உங்க டிராக்கக் கேட்டுட்டு, அந்த நிறுத்தத்த யாரும் தொடக்கூடாதுன்னுட்டாரு. அது காதலோட ஏக்கமாம். அப்படியே நிறுத்திப் பாடணும்னு அந்தப் பாடகிக்கிட்ட கண்டிப்பாச் சொல்லிட்டாரு.”

“ஏக்கமா?” என்றாள் லிஜா. சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது. போனை வைத்த பிறகு அழுகை மட்டும் மிஞ்சியது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆறு மணிக்கு ஆல்பம் இணையத்தில் வரும். அதைக் கோயில் முற்றத்தில் ஸ்பீக்கர் வைத்துப் போட்டுக் கேட்பதாக ஊர் முடிவு செய்துவிட்டது. லிஜா எபிசனைப் பிடித்து நிறுத்தி உண்மையைச் சொன்னாள். அவன் பெரிய மனுஷன் மாதிரிச் சிரித்தான்.

“பெரிய ஆளுவ எல்லாரும் இப்படித்தான் மைனி செல்லுவாவ.”

மாமியாரிடம் மறுபடி சொன்னாள். இசபெல் லட்டுக்குச் சொல்லிவிட்டு அப்போதுதான் வந்திருந்தாள். “உனக்குக் கண்ணு பட்டிருக்கு” என்று மிளகாயும் உப்பும் சுற்றி அடுப்பில் போட்டாள். நெடிக்கு இரண்டு பேருமே இருமினார்கள்.

வெள்ளிக்கிழமை பூசை முடிந்ததும் முற்றம் நிறைந்துவிட்டது. பிளாஸ்டிக் நாற்காலிகளில் முன்வரிசை முழுக்கப் பெண்கள், கையில் இன்னும் செபமாலையோடு. மகன் கல்யாணத்துக்குக் கட்டிய பட்டுச்சேலையைக் கட்டிக்கொண்டு இசபெல் நடுநாயகமாக உட்கார்ந்திருந்தாள். இனிமேலும் பேசாமல் இருந்தால் இந்தப் பொய் தன் பொய் ஆகிவிடும் என்று லிஜாவுக்குப் பட்டது. கோயில் படியேறி, எபிசன் கையிலிருந்த மைக்கை வாங்கினாள்.

“எல்லாரும் கேளுங்க. இப்ப நீங்க கேக்கப்போறது எங் குரலு இல்ல. நான் பாடுனது வெறும் மாதிரிக்குத்தான். அதக் கேட்டு வேற ஒரு பாடகி பாடியிருக்காவ. நான் செல்லிப் பாத்தேன், யாரும் காது குடுக்கல்ல. எம்மேலயும் தப்பு இருக்கு, நானும் ஆசப்பட்டு வாய் மிண்டாம இருந்துட்டேன். மன்னிக்கணும்.”

இசபெலின் முகத்தில் ஈயாடவில்லை. பின்வரிசையில் யாரோ ‘அப்போ லட்டு?’ என்று கேட்டு, பக்கத்திலிருந்தவரிடம் இடி வாங்கினார்கள். எபிசன் போனைக் கையில் வைத்துக்கொண்டு திருதிருவென்று விழித்தான்.

“ஸ்பீக்கர் செட்டு கட்டியாச்சில்லா, போடுலே” என்றார் யாரோ ஒரு பெரியவர்.

போட்டான். வயலின் ஒன்று மெதுவாக வந்தது. பிறகு அந்தப் பாடகி வந்தாள்.

‘மேற்கே ஒரு மேகம், உன் பேரைக் கேட்டது...’

குரல் என்றால் அது குரல். நெய் உருகி இறங்குகிற மாதிரி இறங்கியது. தன்னுடையதைவிட நல்ல குரல் என்று லிஜாவுக்கே தெரிந்தது, அது அவளுக்கு வலிக்கவும் செய்தது. மைக்கை எங்கே வைப்பது என்று தெரியாமல் பிடித்துக்கொண்டு நின்றாள். பாடகி வரியை முடித்து நிறுத்தினாள். தாளம் மட்டும் நடந்தது.

‘மேற்கே ஒரு மேகம், உன் பேரைக் கேட்டது’ என்று முன்வரிசைப் பெண்கள் பாடினார்கள்.

யாரும் நினைத்துச் செய்யவில்லை. பாடி முடித்த பிறகுதான் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பங்குத்தந்தை சகாயம் வாயைப் பொத்திக்கொண்டார், அவரும் பாடியிருந்தார். பாடகி அடுத்த வரியை எடுத்தாள், மறுபடி நிறுத்தினாள். இந்தத் தடவை பாதி முற்றம் பாடியது. மூன்றாம் தடவை பின்வரிசை ஆண்களும் சேர்ந்துகொண்டார்கள். இடம் கச்சிதமாக இருந்தது, ஒரு மூச்சு கூடவும் இல்லை குறையவும் இல்லை.

மற்ற ஊர்க் கோயில்களில் பாடுகிறவர்கள் இவ்வளவு நேரம் விடமாட்டார்கள். இந்த ஊரில் பெண்கள் கடைசி எழுத்தை இழுத்துத்தான் விடுவார்கள். அவர்கள் இழுத்து முடிக்கும்வரை லிஜா பொறுத்திருப்பாள். எத்தனை வருசமாகவோ அப்படிப் பொறுத்திருந்து அவளுக்குள் ஊறிப்போன நேரம் அது. சென்னையில் ஒரு பெரிய பாடகி அதை அப்படியே அளந்து பாடியிருந்தாள். இயக்குநர் அதை ஏக்கம் என்று நினைத்தால் நினைத்துவிட்டுப் போகட்டும், இந்த முற்றத்தில் இருந்த அத்தனை பேருக்கும் அது என்னவென்று தெரிந்துவிட்டது.

பாட்டு முடிந்ததும் இசபெல் எழுந்தாள். பட்டுச் சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு சபையைத் திரும்பிப் பார்த்தாள்.

“கொரலு எவளுதோ ஆயிட்டுப் போவட்டு. நிறுத்துனது எம் மருமவளாக்கும்.”

முற்றம் கலகலத்தது. லட்டுப் பெட்டி திறந்தது. எபிசனுக்குப் போன உயிர் திரும்பி வந்து, “இன்னொருக்காப் போடட்டா மைனி?” என்று கேட்டான்.

“போடு மக்கா” என்றாள் லிஜா. மைக்கை அவனிடமே கொடுத்துவிட்டுப் படியிறங்கினாள். இசபெல் நகர்ந்து இடம் விட்டாள். லிஜா முன்வரிசையில் பெண்களுக்கு நடுவில் உட்கார்ந்தாள். இதுவரை அவள் அங்கே உட்கார்ந்ததில்லை. எப்போதும் மேடையில் தனியாக நின்று பாடிவிட்டு இவர்களுடைய பதிலுக்குக் காத்திருக்கிறவள் அவள்.

வயலின் வந்தது. பாடகி பல்லவியைப் பாடி முடித்து நிறுத்தினாள். மாமியாரின் தோளோடு தோள் இடிக்க, வாய் நிறைய, கடைசி எழுத்தை இழுத்து இழுத்து லிஜா பதில் பாடினாள். அவள் பாடி முடிக்கும்வரை அந்தப் பாடகி பொறுத்திருந்தாள்.