கலீர்க்கல்லுக்குப் பொய்ச் சிரிப்பு ஆகாது

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை பாத்திரம் கழுவுமிடத்தில் பிறந்தது. கண்ணாடி டம்ளர்களைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தேன். அடுத்த அறையில் என் மகள் எதற்கோ கலீரென்று சிரித்தாள். டம்ளர்கள் மெல்ல ‘ங்ங்’ என்றன. (மேல்வீட்டு மோட்டார் ஓடியிருக்கலாம். நான் விசாரிக்கவில்லை. விசாரித்திருந்தால் கதை போயிருக்கும்.)

ஈரக் கையோடு ஓர் உலகத்தை உண்டாக்கினேன். அங்கே மலைக்குள் ஒரு கனிமம் விளைகிறது. தேன் நிறம், பட்டை பட்டையான பளிங்கு. சுத்தியலால் அடித்தாலும் வாய் திறக்காது. பக்கத்தில் யாராவது மனம்விட்டுச் சிரித்தால் மட்டும் அதிர்ந்து ரீங்கரிக்கும். பெயர் கலீர்க்கல். அங்குள்ளவர்கள் அதை வாசல் நிலையில் பதித்திருப்பார்கள். எந்த வீட்டில் சந்தோஷம் என்று தெருவுக்கே தெரிந்துவிடும்.

(அந்த வானத்தில் இரண்டு நிலாவும் வைத்திருந்தேன். இரண்டும் வெட்டியாக நின்றன. எடுத்துவிட்டேன்.)

2

“நீல மலைகளுக்கு அப்பால், காலம் பிறப்பதற்கு முன்னால்…”

வேண்டாம். இந்த வரியில் யாருமே குடியிருக்கவில்லை. மறுபடியும்:

சுரங்க வாசலில் விளக்கு பழுதுபார்க்கும் அக்கா திரியைக் கத்தரித்துக்கொண்டிருந்தபோது, மலை ஒருமுறை இருமியது.

இது நிற்கிறது.

ஊரே அவளை அக்கா என்றுதான் கூப்பிடும். சுரங்கத்தின் ஒரு பகுதி சரிந்துவிட்டது. மற்றவர்களெல்லாம் தூசியும் தும்மலுமாக வெளியே ஓடிவந்தார்கள். வராதவர்கள் இருவர்: துளை போடும் அவள் கணவர், வண்டி தள்ளும் அவள் தம்பி.

அந்த இருவருக்கும் பேச்சுவார்த்தை கிடையாது. முன்னொரு நாள் கணவர் கூரையேறி ஓடு மாற்றிக்கொண்டிருந்தார். கீழே வந்த தம்பி, சும்மா கிடக்கும் ஏணி என்று நினைத்துத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். மனிதர் மழையில் நனைந்தபடி சாயங்காலம்வரை கூரைமேல் இருந்தார். அன்றோடு முடிந்தது உறவு.

3

(ஒரு வரைவில் தம்பியைச் சாகடித்தேன், கதைக்குக் கனம் சேரட்டும் என்று. படித்துப் பார்த்த மகள், “அவன் உனக்கு என்னப்பா செஞ்சான்?” என்றாள். அந்தப் பக்கத்தைக் கிழித்தேன். பிழைத்துக்கொண்டான்.)

காற்றுக்குழாய் மட்டும் உடையவில்லை. ஆனால் அது பாறைக்குள் வளைந்து நெளிந்து போவது. குரல் வரும், திசை தெரியாது.

“எந்தப் பக்கம் தோண்டறதுன்னு தெரியலம்மா. தப்பாத் தோண்டினா மிச்சமும் சரிஞ்சிடும்” என்றார் மேஸ்திரி. “அவங்க சிரிச்சாங்கன்னா, பக்கத்துப் பாறையில இருக்கற கலீர்க்கல்லு காட்டிக் கொடுத்துடும்.”

அக்கா குழாயில் வாயை வைத்தாள். “ஏங்க! தம்பி! ரெண்டு பேரும் கொஞ்சம் சிரிங்க!”

“ஹ… ஹா…” ஒப்புக்கு ஒரு சிரிப்பு வந்தது. கல் கண்டுகொள்ளவில்லை.

மேஸ்திரி தன்னிடமிருந்த ஒரே நகைச்சுவையைக் குழாய்க்குள் விட்டார். வாசலில் நின்றவர்களே தலையைக் குனிந்துகொண்டார்கள்.

அக்கா மறுபடி குழாயில் காதை வைத்தாள். இங்கே அவள் கதறி அழுதாள் என்று எழுதி… இல்லை, அவள் அழவில்லை. குழாயிலிருந்து தம்பியின் குரல் வந்துவிட்டது.

“அக்கா, மாமாகிட்ட சொல்லு. காலை என் மேலேருந்து எடுக்கச் சொல்லு. இருட்டுல எவ்வளவு நேரம் தாங்கறது?”

பக்கத்தில் இருப்பவரிடம் சொல்ல, மலையைச் சுற்றித் தூது.

கணவர் குரல்: “உன் தம்பிகிட்ட சொல்லு, என் கால் ரெண்டும் என்கிட்டத்தான் இருக்கு.”

“அப்ப இது யார் காலாம்? கேளுக்கா. கிள்ளிப் பாத்துட்டேன், அசையவே மாட்டேங்குது!”

உள்ளே எதையோ தடவிப் பார்க்கும் சரசரப்பு. பிறகு கணவர், மெதுவாக: “கிள்ளறது அவனோட சொந்தக் காலைத்தான். மரத்துப்போயிருக்கு. சொல்லு.”

அக்காவுக்குப் பீறிட்டுவிட்டது. அடக்க முடியாத அந்தச் சிரிப்பு அப்படியே குழாய்க்குள் இறங்கியது. சுரங்க வாசல் முழுக்க ரீங்காரம்.

“அக்கா, வாயை மூடு! இங்க கல்லு கத்தினா, உள்ள கல்லு பாடறது எப்படிக் கேக்கும்?” என்று பதறிய மேஸ்திரிக்கே கன்னம் உப்பிவிட்டது. அக்கா முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். ஆளாளுக்கு வாயைப் பொத்திக்கொண்டு, கண்ணில் நீர் வழிய நின்றார்கள்.

அப்போது, இடது சுவருக்குள், ஆழத்தில், கல் பாட ஆரம்பித்தது. முதலில் ஒரு சுரம். கூடவே இன்னொன்று. இருவரும் சிரிக்கிறார்கள்.

“இங்கதான்!”

4

ஓர் ஆள் நுழையும் அளவுக்குத் துளை விழுந்ததும் மேஸ்திரி கை நீட்டினார். உள்ளேயிருந்து தம்பியின் குரல்:

“அக்கா, மாமாவை முதல்ல வரச் சொல்லு.”

“உன் தம்பியை முதல்ல அனுப்பு. கால் சரியில்லாதவன்.”

அக்கா துளைக்குள் தலையை விட்டாள். “நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். தூது போய்ப் போய் வாய் வலிக்குது. நீங்களே சொல்லிக்கிங்க.”

இந்த இடத்தில் நான் மாட்டிக்கொண்டேன். “மாப்ளே…” என்று கணவர் ஆரம்பித்ததாக எழுதினேன். ஏணி எடுத்தவன் அல்லவா முதலில் இறங்கிவரவேண்டும்? அடித்தேன். “மாமா…” என்று தம்பி ஆரம்பித்ததாக எழுதினேன். பெரியவர் என்ன குறைந்தா போய்விடுவார்? அதையும் அடித்…

நீங்களே சொல்லுங்கள். இருவரும் உயிரோடு வெளியே வந்தார்கள். அதில் மட்டும் நீங்கள் கைவைக்க முடியாது. யார் முதலில் வாய் திறந்தது என்பது உங்கள் பொறுப்பு. கொஞ்சம் சீக்கிரம். அக்கா இரண்டு கையையும் உள்ளே நீட்டிக்கொண்டு நிற்கிறாள்.