யாருக்கும் தொந்தரவில்லாமல்

சொந்த ஊரைச் சுற்றிப் பார்க்கப் பணம் கட்டிச் சீட்டு வாங்குகிறவனுக்கு மறை கழன்றுவிட்டது என்றுதான் நார்வேயில் பெர்கன்காரர்கள் நாங்கள் நினைப்போம். ஓட்வாரும் அதையேதான் சொன்னார். நாற்பது வருடம் பயணிகள் படகுகளில் இயந்திரம் பார்த்த மனிதர். துறைமுகத்துக் கருங்கல் ஒவ்வொன்றும் அவருக்கு அத்துப்படி. வடக்கே ட்ரோம்சோவில் இருக்கிற மகன் சீவெர்ட், திருமண நாள் பரிசாக அப்பா அம்மா இருவருக்கும் உணவு நடை ஒன்றுக்கு முன்பதிவு செய்து அனுப்பியிருந்தான். நான்கு கடை, மூன்று மணி நேரம், கூடவே ஒரு வழிகாட்டி. பிறந்ததிலிருந்து குடிக்கிற மீன் சூப்பை எவனோ ஒருவன் தங்களுக்கே அறிமுகம் செய்துவைப்பதா என்று ஓட்வார் சிரித்தார்.

மனைவி ஹால்டிஸ் போக வேண்டும் என்றாள். சிரிப்பு நின்றுவிட்டது.

பிப்ரவரியில் அவளுக்குப் பக்கவாதம் வந்தது. கை திரும்பிவிட்டது, பேச்சு திரும்பிவிட்டது, நடை கொஞ்சம் இழுத்தாலும் பார்க்கிறவர்களுக்குத் தெரியாது. விழுங்குவது மட்டும் திரும்பவில்லை. தொண்டைக்குப் பயிற்சி கொடுத்த ஆஸ்பத்திரிப் பெண் ஓட்வாரை உட்காரவைத்துப் படித்துப் படித்துச் சொல்லியிருந்தாள்: எல்லாம் குழைவாக இருக்க வேண்டும், தண்ணீரில்கூட மாவு கலந்து கெட்டியாக்கித்தான் தர வேண்டும், தாடை நெஞ்சைத் தொட்டபடிதான் விழுங்க வேண்டும், ரொட்டியும் பன்னும் கிட்டேயே வரக் கூடாது. ஒரு துண்டு அடைத்தால் முடிந்தது கதை. ஓட்வார் அதை எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டினார். ஹால்டிஸ் அன்று சாயங்காலமே கிழித்துப் போட்டாள்.

மகனிடம் எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்லியாயிற்று. தூரத்தில் இருக்கிற பிள்ளையைக் கவலைப்படுத்துவானேன். மே பதினேழாம் தேதி, தேசிய தினம், ஊரே கொடி பிடித்து நடக்கிற நாளில், ஹால்டிஸின் தங்கை வீட்டு விருந்துக்குப் போனார்கள். தங்கை மகள் நல்ல எண்ணத்தில்தான் ஹால்டிஸின் கழுத்தில் ஒரு துண்டைக் கட்டி, மசித்த சாப்பாட்டைத் தனிக் கிண்ணத்தில் கொண்டுவந்து வைத்தாள். பதினாறு பேர் இருந்த மேசை. ஒருவரும் பார்க்கவில்லை. பார்க்கக் கூடாது என்று அத்தனை பேரும் முயன்றதுதான் அவளைக் கொன்றது. முப்பது வருடம் தபால் நிலையத்துக் கவுன்ட்டரில் நிமிர்ந்து உட்கார்ந்தவள் அவள். அன்றிலிருந்து வெளி மனிதர் எதிரில் ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. சமையலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, ஓட்வாருக்கும் முதுகைக் காட்டியபடி, கரண்டியால் வழித்து விழுங்கினாள். நான்கு மாதம்.

இப்போது அவளே போகலாம் என்கிறாள். வேண்டாம் என்று சொல்ல அவருக்கு வாய் வருமா?

போவதற்கு முந்தின நாள், காபிக் கோப்பைகளைக் கழுவிக்கொண்டே அவள் பேசினாள்.

"அங்க யாருக்கும் என்னத் தெரியாது, ஓட்வார். மூணு மணி நேரம் எல்லாரையும் மாதிரி ஒரு மனுஷியா நின்னு சாப்பிட்டுட்டு வந்துடறேன். நீ வாயத் தொறக்கக் கூடாது. ஒரு வார்த்தை கூடாது."

"தொண்டையில சிக்கிக்கிச்சுன்னா?"

"சிக்காது. சூப்பு குடிப்பேன், மீனக் கொஞ்சமா எடுத்துக்குவேன். மத்தத நீ தின்னுடு. உனக்கென்ன கசக்குதா?"

சத்தியம் செய்யச் சொன்னாள். அவரும் தலையை ஆட்டித் தொலைத்தார்.

செப்டம்பர் சனிக்கிழமை, காலை பதினொரு மணி, மீன் சந்தை வாசல். மழை பெய்தது என்று தனியாகச் சொல்ல வேண்டுமா? எட்டுப் பேர், எல்லோரும் மழைக்கோட்டில். வழிகாட்டிப் பையன் பெயர் ஈவெர். வாயாடி, பல்கலைக்கழகத்தில் எதையோ படிப்பவன். இந்த ஊரில் மழை என்று சொன்னால் அபராதம், இதற்கு ஈரமான வெயில் என்று பெயர் என்றான். ஸ்டவாங்கரிலிருந்து கணவனோடு வந்திருந்த யோருன் என்ற பெண்மணி, அப்படியானால் இவ்வளவு வெயிலை நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்றாள். அறுபது வயதிருக்கும், கணீரென்ற குரல், யாருடனும் ஒட்டிக்கொள்கிற சுபாவம். ஹால்டிஸ் சிரித்தாள். அந்தச் சிரிப்பைக் கேட்டு ஓட்வாருக்குக் கண் கலங்கிவிட்டது, மழை நல்லதாயிற்று.

பிறகு ஈவெர் தாளைப் பார்த்துக் கேட்டான், யாருக்காவது ஒவ்வாத உணவு உண்டா, சாப்பாட்டு விஷயத்தில் தான் தெரிந்துகொள்ள வேண்டியது ஏதாவது உண்டா என்று. ஒருவருக்கு நண்டு ஆகாது, ஒரு பெண்ணுக்குப் பால் ஆகாது. அவன் பார்வை ஓட்வாரிடம் வந்து ஒரு கணம் நின்றது. ஓட்வார் காலணிக் கயிற்றைக் கட்டக் குனிந்துவிட்டார்.

முதல் கடையில் மீன் சூப். பாலேடு போட்டுக் கெட்டியாக இருந்தது, அவளுக்கென்றே செய்த மாதிரி. கிண்ணத்தைக் காலி செய்துவிட்டு, உப்பு பற்றாது என்று ஈவெரிடமே குறை சொன்னாள். இரண்டாவது கடையில் கலைமான் இறைச்சித் தொத்திறைச்சி, ரொட்டிக்குள் வைத்துக் கையில் கொடுத்தார்கள். அவள் அதைக் கோட்டு மறைவில் ஓட்வாரின் கையில் திணித்தாள். பள்ளிக்கூடத்தில் விடைத்தாள் கைமாறுகிற மாதிரி இருந்தது. இருவருமே சிரிப்பை அடக்கிக்கொண்டார்கள். நாற்பத்தொரு வருடத் தாம்பத்தியத்தில் இப்படிக் கூட்டுக் களவாணித்தனம் செய்து எத்தனை நாளாயிற்று. அவர் இரண்டு ரொட்டியையும் விழுங்கிவிட்டு மூச்சு முட்ட நடந்தார். மூன்றாவது கடையில் வெண்ணெய் மிதக்க மீன் வடை. தாடையை இறக்கி, கீழே எதையோ தேடுகிறவள்போல, பாதி சாப்பிட்டாள். ஒரே ஒரு முறை இருமினாள். ஓட்வார் சட்டென்று திரும்பினார். அவள் கண்ணைச் சிமிட்டினாள்.

இன்னும் ஒரு கடைதான். ஒரு பேக்கரி. தப்பித்தோம் என்று நினைத்தார் அவர்.

நீண்ட மேசையைச் சுற்றி எல்லோரையும் உட்காரவைத்து, பட்டைத்தூள் போட்ட எங்கள் ஊர் பன்னைத் துண்டு துண்டாக வெட்டித் தட்டில் கொண்டுவந்தார்கள். அடுப்பிலிருந்து இறக்கிய சூடு. ஹால்டிஸ் பள்ளி விட்டு வரும்போதெல்லாம் தின்று வளர்ந்த பன். கைகளை மடியில் வைத்துக்கொண்டு வாசனையை மட்டும் இழுத்தாள். தட்டு சுற்றி வந்தது, அவள் தன் பங்கை எடுக்காமல் நகர்த்திவிட்டாள், ஓட்வாரும் எடுக்கவில்லை. ஈவெர் அந்தக் காலத்து ஒரு நாணயத்துக்கு இந்தப் பன் விற்ற கதையைச் சொல்லிக்கொண்டிருந்தான். யாரோ இரண்டாவது முறை எடுத்தார்கள். கடைசியில் தட்டில் ஒரு துண்டு மிஞ்சியது.

அதை எடுக்க எங்கள் நாட்டில் ஆள் கிடையாது. மேசையைச் சுற்றிப் பசியோடு பத்துப் பேர் உட்கார்ந்திருந்தாலும் கடைசித் துண்டு காய்ந்துதான் போகும், எடுப்பவன் பேராசைக்காரன். யாராவது இன்னொருவர் தலையில் கட்டினால்தான் உண்டு. ஈவெர் சிரித்துக்கொண்டே, யார் அந்தத் தைரியசாலி என்றான். எல்லோரும் காபியைப் பார்த்தார்கள். யோருன் தட்டைத் தூக்கி ஹால்டிஸ் முன்னால் வைத்தாள்.

"நீங்க இத ருசி கூடப் பாக்கல. நானும் பாத்துட்டுதான் இருக்கேன்."

ஹால்டிஸ் வயிறு நிறைந்துவிட்டது என்றாள். இன்னொரு தரம் நீட்டினாள் யோருன். அவள் நன்றி சொல்லித் தள்ளினாள்.

"அட, உங்க ஊரு பன்ன ஸ்டவாங்கர்காரி நான் தின்னுட்டுப் போனா உங்களுக்குத்தான் அவமானம். எடுங்க."

மேசை சிரித்தது. இரண்டு தரம் மறுக்கலாம்; மூன்றாவது தரம் மறுத்தால் காரணம் சொல்ல வேண்டும். ஹால்டிஸ் திரும்பி ஓட்வாரைப் பார்த்தாள். ஒரு கணம்தான். அது காப்பாற்று என்ற பார்வையா, வாயைத் திறக்காதே என்ற பார்வையா? அவர் சத்தியத்தை நினைத்தார், மே பதினேழை நினைத்தார், ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டார். பாவி மனுஷன்.

அத்தனை பேரும் பார்த்திருக்கத் தாடையை நெஞ்சில் வைத்துக்கொண்டு எப்படித் தின்பது? அவள் நிமிர்ந்து உட்கார்ந்து, எல்லோரையும் மாதிரி கடித்து, எல்லோரையும் மாதிரி மென்றாள். முகம் அப்படியே மலர்ந்துபோயிற்று. யோருன் வெற்றிபெற்றவளாகக் கை தட்டினாள். பேச்சு வேறு பக்கம் போயிற்று.

பிறகு ஹால்டிஸ் காகிதக் கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டு எழுந்தாள். புன்னகைத்தாள். படிக்கட்டைக் காட்டித் தலையசைத்துவிட்டு இறங்கினாள். கழிவறை கீழ்த்தளத்தில் இருந்தது.

ஓட்வார் ஒரு நிமிடம் பொறுத்தார். உடனே பின்னால் ஓடினால் எல்லோரும் கவனிப்பார்கள். காபியை முடித்துவிட்டு, தானும் போக வேண்டியிருக்கிறது என்பதுபோல எழுந்தார்.

கீழே ஒரே ஒரு கதவு. பூட்டின் மேல், உள்ளே ஆள் இருப்பதைக் காட்டுகிற சிவப்பு. உள்ளே அவள் இருமிக்கொண்டிருந்தாள், அடிவயிற்றிலிருந்து இழுத்து இழுத்து வருகிற இருமல். அவர் கையைத் தூக்கினார். தட்டினால், தான் இங்கே நின்று கேட்டுக்கொண்டிருப்பது அவளுக்குத் தெரிந்துவிடும். வீட்டில்கூட முதுகைக் காட்டி உட்காருகிறவள். கையை இறக்கிக்கொண்டார். உள்ளே குழாயைத் திறந்துவிடுகிற சத்தம் கேட்டது. இருமல் வெளியே கேட்கக் கூடாது என்று திறக்கிறாள், அது அவருக்குப் புரிந்தது.

படியில் யோருன் இறங்கி வந்தாள்.

"அவங்களுக்கு ஒண்ணுமில்லையே?"

"ஒண்ணுமில்ல. எல்லாம் சரிதான்" என்றார் ஓட்வார்.

யோருன் கதவைப் பார்த்தாள், அவரைப் பார்த்தாள். தனக்கு அவசரமில்லை, பிறகு வருகிறேன் என்று மெதுவாகச் சொல்லிவிட்டு மேலேறினாள். நல்ல பெண், நாகரிகம் தெரிந்தவள். தெரியாதவளாக இருந்திருந்தால் அந்தக் கதவை உடைத்திருப்பாள்.

இருமல் நின்றது.

அப்பாடா என்றிருந்தது அவருக்கு. குழாய் மட்டும் ஓடியது. கை கழுவுகிறாள், முகம் துடைக்கிறாள், தலை வாரிக்கொள்கிறாள் என்று ஒவ்வொன்றாகக் கணக்குப் போட்டார். வெளியே வரும்போது தன்னைக் கதவருகே பார்த்தால் சங்கடப்படுவாள் என்று நாலு படி மேலே ஏறி நின்றார். சுவரில் மாட்டியிருந்த பழைய துறைமுகப் படத்தைப் பார்த்தார். அதிலிருந்த படகு ஒன்றை அடையாளம் கண்டார். அதில் இரண்டு வருடம் வேலை செய்திருக்கிறார். வந்ததும் அவளிடம் காட்ட வேண்டும் என்று நினைத்தார்.

குழாய் ஓடிக்கொண்டே இருந்தது.

"ஹால்டிஸ்?" மேலே கேட்டுவிடாத குரலில்தான் கூப்பிட்டார். பிறகு தட்டினார், ஒற்றை விரலால். பிறகு முஷ்டியால்.

கடைப் பெண் கரண்டிக் காம்பை விட்டுத் திருகிப் பூட்டைத் திறந்தாள். ஹால்டிஸ் கைகழுவும் தொட்டிக்குக் கீழே சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள், முகம் நீலமாக. ஈவெர் பாய்ந்து வந்து முதுகில் அறைந்தான், வயிற்றை அழுத்தினான், அழுதுகொண்டே அழுத்தினான். ஆம்புலன்ஸ் ஆறு நிமிடத்தில் வந்தது. அவர்கள் அரை மணி நேரம் போராடினார்கள். அம்மா எவ்வளவு நேரம் உள்ளே இருந்தார் என்று அவர்களில் ஒருத்தி கேட்டாள். பத்து நிமிடம் இருக்கும் என்றார் ஓட்வார். நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்று அவள் கேட்கவில்லை. பிறகு கையுறைகளைக் கழற்றி, நேரம் பார்த்து, சொல்ல வேண்டியதைச் சொன்னாள்.

ஓட்வார் கைப்பிடியைப் பற்றி மேலே வந்தார். உணவு நடைக்கு வந்தவர்கள் யாரும் போகவில்லை. பாதியில் கிளம்பினால் மரியாதையில்லை; கீழே வந்து எட்டிப் பார்ப்பதும் மரியாதையில்லை. கோட்டு மாட்டியபடி மேசை ஓரமாக நின்றிருந்தார்கள். அத்தனை முகங்களையும் கண்டதும் அவர் வாயிலிருந்து தானாக வந்தது:

"உங்க எல்லாரையும் காக்க வெச்சுட்டோம். மன்னிச்சுக்குங்க."

"அய்யோ, அதெல்லாம் ஒண்ணுமில்ல" என்றாள் யோருன்.

தான் சொன்னது அவர் காதில் அப்போதுதான் விழுந்தது. அங்கேயே தரையில் உட்கார்ந்துவிட்டார். நாற்பத்தொரு வருடத்தில் முதல் தடவையாக ஊர் கேட்கக் கத்தினார்.

"நான் வெளியிலதான் நின்னேன். இருமல் நின்னப்போ நிம்மதியா இருந்துச்சு எனக்கு. நிம்மதியா இருந்துச்சு!"

யாராவது தன்னைப் பார்க்க வேண்டும், யாராவது வந்து திட்ட வேண்டும், அடித்தாலும் பரவாயில்லை என்று அவருக்கு இருந்தது. ஒருவர் பார்வையைத் தரைக்கு இறக்கினார். இன்னொருவர் மழையைப் பார்த்தார். யோருன் தன் கணவனின் கையைப் பிடித்து வாசல் பக்கம் மெல்ல நகர்த்தினாள். அழுகிற மனிதனுக்குச் சங்கடம் கொடுக்கக் கூடாது என்று, ஒருவர் பின் ஒருவராக, கதவுச் சத்தம் கேட்காமல் வெளியே போனார்கள்.