இரவு 9.40க்கு வெயில்

1
இந்தக் கதை நான் திருடியது. ரொறன்ரோவின் மில்லிக்கனில், பழைய வீடியோ கசெற்றுகளைக் கணினிக்கு மாற்றிக் கொடுக்கும் கடையில் என் கலியாணக் கசெற்றுக்காகக் காத்திருந்தேன். பக்கத்துத் திரையைப் பார்த்து ஒரு பெண் அழுதுகொண்டிருந்தாள். [அழவில்லை. சும்மா பார்த்துக்கொண்டிருந்தாள். அழவைத்தது நான்.] பெயர் கேட்கவில்லை. றோசலின் என்று வைத்துக்கொள்வோம், ஆவணப்படம் எடுப்பவள்.

2
தொடக்கம் ஒன்று: றோசலினின் விரல்கள் நடுங்கி—

வேண்டாம். இருபது வருடத் தொடர்கதைகளில் நான் நடுங்கவைத்த விரல்கள் போதும்.

தொடக்கம் இரண்டு: 1989 ஜூலை 15 காலை, ஊர் மாதா கோயில் வாசலில் றோசலினின் சித்தப்பா மாக்கஸை வாகனத்தில் ஏற்றிக் கொண்டுபோனார்கள். திரும்பி வரவேயில்லை. யாரோ ஆள் காட்டியிருக்கிறார்கள். யாரென்று, ரொறன்ரோவுக்குப் பக்கத்தில் ஒஷாவாவில் இருக்கும் மாக்கஸின் மனைவி, சித்தி அருள்மலர் இன்றுவரை கேட்கிறார். றோசலின் படம் எடுப்பதே அதற்காகத்தான்.

அவளுடைய அப்பா சூசைதாசன் கமெராவுக்கு முன்னால் நிதானமாகச் சொல்லியிருந்தார். "நான் முதல் நாளே கொழும்புக்கு பஸ் ஏறீட்டன் பிள்ளை. நிண்டிருந்தா விட்டிருப்பனே?"

3
றோசலின் அந்தக் கடையில் மாற்றக் கொடுத்த கசெற்றில் இருந்தது ஊர் மாதா கோயிலின் முதல் நன்மை விழா. வாசலில் வெள்ளை உடுப்புப் பிள்ளைகள். பின்னால் அப்பா, முன்பின் தெரியாத ஒருவனுக்கு மாக்கஸை விரல் நீட்டிக் காட்டுகிறார். திரையின் மூலையில் திகதி, ஜூலை 14. அப்பா பஸ் ஏறுமுன் எடுத்தது. றோசலின் மூச்சு விட்டாள்.

பிறகுதான் நேரத்தைப் பார்த்தாள். 9.40 பி.எம். பிள்ளைகளின் முகத்தில் வெயில்.

கமெரா ரொறன்ரோவிலிருந்து போனது. லீவில் ஊருக்குப் போய் விழாவைப் படம் எடுத்த இக்னேசியஸ் மாமா அதில் நேரத்தை மாற்றவேயில்லை. இங்கே பதினான்காம் திகதி இரவென்றால் அங்கே பதினைந்து, காலை ஏழு பத்து.

4
றோசலின் அந்தக் காட்சியை அப்பாவுக்குப் போட்டுக் காட்டினாள்.

"உவர்தான் மாக்கஸோ எண்டு கேட்டவன். ஓம் எண்டன். என்னத்துக்குக் கேட்டவன் எண்டு எனக்கென்ன தெரியும்?"

"அப்ப ஏனப்பா கொழும்புக் கதை?"

[இங்கே அவருக்காக மூன்று பதில்கள் எழுதினேன். மூன்றும் அவரைத் தப்பவைத்தன. அழித்துவிட்டேன்.]

5
முடிவு அ: றோசலின் அந்தக் காட்சியை வெட்டிவிடுகிறாள். படம் பரிசு பெ—

முடிவு ஆ: வெட்டாமல் விடுகிறாள். அப்பா அதன்பிறகு கோயிலுக்கு—

இரண்டும் பொய். ஏனென்றால் சற்றுமுன் சித்தி றோசலினுக்குப் போன் எடுத்தார். யார் காட்டியது என்று கேட்கவில்லை.

"கசெற் வந்திட்டுதாம். அவர் அதிலை நிக்கிறாரோ பிள்ளை? ஒருக்காப் பாத்தாப் போதும்."

மாக்கஸ் உயிரோடு அசையும் காட்சி அது ஒன்றுதான். பதினொரு வினாடி. பதினொரு வினாடியிலும் பக்கத்தில் அப்பா நிற்கிறார்.

கதைகளில் எத்தனையோ பேரைக் கூசாமல் கொன்றவன் நான். இந்த ஒரு கேள்விக்கு றோசலினின் பதிலை எழுத எனக்கு மனம் வரவில்லை. சித்தி இன்னும் லைனில் இருக்கிறார். ஓமோ, இல்லையோ, நீங்களே சொல்லுங்கள்.