ஆசிரியர் அறை மேஜையை ஏழாகப் பிரித்த கதை

எங்கள் ஆசிரியர் அறையில் ஏழு பேருக்கு ஒரே ஒரு மேஜை. நீளம் இருநூற்று அறுபத்து மூன்று சென்டிமீட்டர். ஒரு பக்கம் சுவரோடு ஒட்டிக் கிடப்பதால் ஏழு பேரும் பஸ்ஸுக்குக் காத்திருப்பவர்கள் மாதிரி ஒரே வரிசையில்தான் உட்கார வேண்டும். அதில் ஜன்னலோரம், மின்விசிறிக்கு நேர் கீழே இருக்கும் முனை என்னுடையது. எங்கேயும் எழுதி வைக்கவில்லை. பத்தொன்பது வருடமாக அங்கேதான் உட்காருகிறேன், அவ்வளவுதான்.

இந்த வருடம் அதற்கு ஆபத்து வந்தது. விளையாட்டு சார் தன் பந்துப் பையை மேஜையில் ஏற்றினார். அவருக்கு மட்டும்தான் உரிமையா என்று புவியியல் சார் உலக உருண்டையைக் கொண்டுவந்து வைத்தார். ஆளாளுக்கு ஒரு சாண் நகர்ந்ததில், ஒரு நாள் மதியம் என் டிபன் பாக்ஸ் ஜன்னலோரம் தரையில் கவிழ்ந்தது. நான் போட்ட சத்தத்தில் தலைமையாசிரியையே எழுந்து வந்துவிட்டார்.

"சின்னப் பிள்ளைங்க மாதிரி அடிச்சுக்காதீங்க. நாளைக்கு ஆளுக்குச் சமமாக் கோடு போட்டுப் பிரிச்சுக்கங்க. கணக்கு டீச்சர்தான் இருக்காங்களே, அவங்களே போடட்டும்."

கணக்கு டீச்சர் நான்தான். பெருமையில் எனக்குத் தலைகால் புரியவில்லை.

மறுநாள் சாப்பாட்டு இடைவேளையில் விளையாட்டு சார் ஒரு டேப்போடு நின்றார். செல்போனில் தட்டிப் பார்த்துவிட்டு, "முப்பத்தேழு புள்ளி அஞ்சு ஏழு ஒண்ணு நாலு ரெண்டு எட்டு... டீச்சர், இது பாட்டுக்கு ஓடிக்கிட்டே இருக்கு" என்றார்.

"அதுக்குத்தான் சார் கணக்குன்னு ஒண்ணு இருக்கு. டேப்ப உள்ள வைங்க. அளவே இல்லாமப் பிரிச்சுக் காட்டறேன்."

"தப்பா வந்துட்டா?"

"வந்துட்டா இன்னைக்கு நான் நின்னுக்கிட்டே சாப்பிடறேன். இந்த ஜன்னல் சீட்டும் எனக்கு வேண்டாம்."

அவ்வளவு தைரியம் எங்கிருந்து வந்தது என்றால், அன்று காலை ஒன்பதாம் வகுப்பில் இதே பாடம்தான். அங்கே ஓர் இரட்டைச் சடைக்காரி, ஒரு கோட்டை ஐந்தாகப் பிரிக்கச் சொன்னால் நான்காகப் பிரித்து வைத்திருந்தாள். ஆரம்பப் புள்ளியையே 'ஒன்று' என்று எண்ணிவிட்டாள். எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. 'புள்ளிகளை அல்ல, இடைவெளிகளை எண்ண வேண்டும்' என்று நூறு முறை எழுதி மதியத்துக்குள் மேஜையில் வைக்கச் சொல்லியிருந்தேன்.

கரும்பலகைக்கான பெரிய மரக் காம்பஸை எடுத்துவந்தேன். திருகு போய், நூல் சுற்றி நிற்கிற காம்பஸ் அது. என் ஜன்னல் முனையிலிருந்து சுவர்ப் பக்கமாகச் சாய்வாக ஒரு கோடு இழுத்தேன். அது வரலாறு டீச்சரின் விடைத்தாள் கட்டுக்கு அடியில் போக வேண்டியிருந்தது. கட்டைத் தூக்கச் சொன்னேன். அவர் முணுமுணுத்துக்கொண்டே தூக்கினார். இனி அந்தச் சாய்கோட்டில் காம்பஸால் சம தூரத்தில் புள்ளி வைத்துக்கொண்டே போய், கடைசிப் புள்ளியை மேஜையின் மறு முனையோடு சேர்த்து, அதற்கு இணையாக மற்றப் புள்ளிகளிலிருந்தும் கோடு இழுத்தால் மேஜை விளிம்பு தானாகச் சமமாகப் பிரிந்துவிடும்.

மூலையில் காம்பஸை ஊன்றினேன். எல்லோருக்கும் கேட்கட்டும் என்று உரக்க எண்ணினேன். "ஒண்ணு!" அடுத்த புள்ளி. "ரெண்டு!" விளையாட்டு சார் பழக்க தோஷத்தில் ஒவ்வொன்றுக்கும் விசில் ஊதினார். "ஏழு!" என்றதும் நீளமாக ஊதி முடித்துவைத்தார்.

இணைகோடுகளை இழுத்துவிட்டு, நிமிர்ந்து கையைத் தட்டினேன். சாக்பீஸ் தூள் பறந்தது.

"அந்தக் கோடியிலேர்ந்து ஒவ்வொருத்தரா உக்காருங்க."

பெருந்தன்மை ஒன்றுமில்லை. அப்படி உட்கார்ந்தால்தான் ஜன்னல் முனை கடைசியாக எனக்கு மிஞ்சும்.

விளையாட்டு சார் முதல் பங்கில் உட்கார்ந்து முழங்கைகளை விரித்துப் பார்த்தார். டேப்பை வைத்தும் பார்த்தார். "அட, நாப்பத்தி மூணுக்கு மேல வருதே! செல்போன்ல முப்பத்தேழுதான் காட்டுச்சு. டீச்சர் கை தாராளமான கை!"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் அடக்கமாகச் சிரித்தேன். அந்த இடத்திலாவது எனக்கு உறைத்திருக்க வேண்டும்.

புவியியல் சார் உருண்டையோடு உட்கார்ந்தார். வரலாறு டீச்சர், அறிவியல் டீச்சர், மொழி ஆசிரியர் என்று வரிசையாக உட்கார்ந்தார்கள். கடைசியாக, இந்த வருடம்தான் வேலைக்குச் சேர்ந்த தையல் டீச்சர் இருந்த ஒரே காலி இடத்தில் தயங்கித் தயங்கி உட்கார்ந்தாள். அது ஜன்னலோரம். மின்விசிறிக் காற்றில் அவள் முந்தானை அழகாகப் பறந்தது.

ஒரு கையில் காம்பஸ், ஒரு கையில் டிபன் பாக்ஸோடு நான் நின்றுகொண்டிருந்தேன். மேஜையில் விழுந்த பங்குகளை ஒருமுறை எண்ணினேன். ஆறு. மறு கோடியிலிருந்து எண்ணினேன். அப்போதும் ஆறு. வெட்கம் பிடுங்கித் தின்றது.

"அக்கா," என்றாள் தையல் டீச்சர் மெதுவாக. "மூலைக்கே ஒண்ணுன்னு சொன்னீங்க. சொல்லலாமா வேண்டாமான்னு இருந்தேன்."

பையிலிருந்து ஒரு முழு எலாஸ்டிக் பட்டையை எடுத்தாள். பாவாடை இடுப்புக்கு வாங்கியதாம். அதில் இருபது இருபது சென்டிமீட்டரில் மசியால் புள்ளி வைத்தாள். "எட்டுப் புள்ளி, நடுவுல ஏழு இடைவெளி. அந்த முனையப் பிடிங்க சார்." மேஜை நீளத்துக்கு இழுத்துப் பிடித்தார்கள். புள்ளிகளும் சமமாக விரிந்து நின்றன. அவள் ஈரத்துணியால் என் கோடுகளைத் துடைத்துவிட்டு ஆறு கோடு போட்டாள். ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

அதற்குள் தலைமையாசிரியை கதவில் வந்து நிற்க, விளையாட்டு சார் மரியாதைக்காக எழுந்து, பிடியை விட்டுவிட்டார். எலாஸ்டிக் பறந்து உலக உருண்டையில் பட்டது. அது இரண்டு சுற்றுச் சுற்றி நின்றது.

"பரவாயில்லையே, சமமாத்தான் இருக்கு," என்றார் தலைமையாசிரியை. "கணக்கு டீச்சர்னா சும்மாவா?"

யாரும் வாயைத் திறக்கவில்லை. விளையாட்டு சார்கூட விசிலைக் கடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தார். அந்த ஆறு பேரையும் அப்போதே கட்டிக்கொள்ள வேண்டும் போலிருந்தது.

அவர் போனதும் தையல் டீச்சர் எழுந்து, "அக்கா, இங்க வாங்க" என்று ஜன்னல் முனையைக் காட்டினாள்.

"நீயே உக்காரு. சொன்னா சொன்னதுதான்."

நின்றுகொண்டே சாப்பிட்டேன். நின்றுகொண்டே என் நோட்டுக் கட்டைப் பிரித்தேன். மேலே இரட்டைச் சடைக்காரியின் நோட்டு. புள்ளிகளை அல்ல, இடைவெளிகளை எண்ண வேண்டும். புள்ளிகளை அல்ல, இடைவெளிகளை எண்ண வேண்டும். பழக்கம் விடுமா, எண்ணிப் பார்த்தேன். தொண்ணூற்று ஒன்பதுதான் இருந்தது.

வழக்கமாக இருந்தால் ஆள் அனுப்பிக் கூப்பிட்டிருப்பேன். அன்று சிவப்புப் பேனாவை எடுத்து, நூறாவதை நானே எழுதிக் கையெழுத்தும் போட்டேன். நின்றுகொண்டே எழுதியதால் கொஞ்சம் கோணலாகத்தான் வந்தது.