ஆறு கிராம்

சக்கர நாற்காலி செய்யும் அந்தப் பட்டறையில் வரைபடம் போடுகிறவள் அவள் ஒருத்திதான். அதனால் முதலாளி முதல் வாசல் பெருக்குகிறவர் வரை எல்லோருக்கும் அவள் டிராயிங் அக்கா. இணையத்தில் மட்டும் அவளுக்கு வேறு பெயர். அங்கே அவள் 'மூலைமட்டம்', தச்சர்கள் செங்கோணம் பார்க்கும் கருவியின் பெயர்.

அந்தப் பெயரில் அவள் போய்வந்த இடம் ஒரு மென்பொருள் குழு. இரும்பிலோ அலுமினியத்திலோ செய்யப்போகும் ஒரு பொருளை முதலில் கணினியில் கெட்டியான உருவமாகச் செய்து பார்க்க உதவும் மென்பொருள் அது. அதன் நிரலை யார் வேண்டுமானாலும் திறந்து பார்க்கலாம், திருத்தி அனுப்பலாம். பல தேசங்களில் குடியிருக்கும் தமிழர்கள், ஒருவரையொருவர் நேரில் பார்க்காமலே, பிழைப்புக்கான வேலை போக மிஞ்சிய நேரத்தில் அதைக் கட்டி எழுப்பிக்கொண்டிருந்தார்கள்.

அவளுக்கு நிரலில் ஒரு வரிகூட எழுதத் தெரியாது. ஆனால் மூன்று வருடத்தில் அறுபத்து நான்கு குறைகளைக் கண்டுபிடித்து எழுதிப் போட்டிருந்தாள். என்ன வரைந்தேன், எந்தப் பொத்தானை அழுத்தினேன், என்ன வரவேண்டும், என்ன வந்தது என்று ஒன்று விடாமல் எழுதுவாள். "மூலைமட்டம் சார் வந்துட்டாரு, இனி நமக்குத் தூக்கம் கிடையாது" என்று குழுவில் யாராவது கிண்டலடிப்பார்கள். சார் என்பதை அவளும் திருத்தப் போகவில்லை. திருத்த அதைவிடப் பெரிய பிழைகள் இருந்தன.

குழுவில் அனுபவத்தில் மூத்தவர் 'ஆணி'. அடித்த இடத்தில் நிற்பார், பேச்சு குறைவு. கூர்மையான விளிம்புகளை வழுவழுவென்று உருட்டித் தருகிற பகுதியை அவர் தன்னந்தனியாக இரண்டு வருடம் உட்கார்ந்து புதிதாக எழுதியிருந்தார். மூன்று விளிம்புகள் ஒரு மூலையில் வந்து சேரும் இடத்தில் பழைய நிரல் கையை விரித்துவிடும். புதியது விரிக்காது என்றார்கள். சனிக்கிழமை வெளியீடு என்று நாளும் குறித்தாகிவிட்டது.

முன்னோட்டப் பதிப்பை இறக்கி, கால்பலகையைத் தாங்கும் அலுமினியப் பிடிமானத்தை அதில் வரைந்தாள். அந்தப் பொல்லாத மூலை வெண்ணெயை விரலால் வழித்தது போல உருண்டு வந்தது. மனம் நிறைந்து, "பிரமாதம்" என்று ஆணிக்கு ஒரு வரி எழுதிவிட்டு, கோப்பை இயந்திரத்துக்கு அனுப்பினாள்.

மறுநாள் லேத்தில் வேலை பார்க்கும் அண்ணன் மூன்று பிடிமானங்களோடு வந்து நின்றார். முடியிழை அகலத்துக்காகக்கூட மல்லுக்கு நிற்பவர் என்பதால் பட்டறையில் அவருக்கு மைக்ரான் என்று பெயர்.

"தங்கச்சி, உன் கணக்கு நானூத்திப் பன்னெண்டு கிராம். தராசு நானூத்திப் பதினெட்டுங்குது."

"கம்ப்யூட்டர் போட்ட கணக்குண்ணா. அது எப்படித் தப்பும்?"

"அப்போ என் தராசு பொய் சொல்லுதா?"

அவருடைய பெண்டாட்டியைக் குறை சொன்னாலும் பொறுப்பார், தராசைச் சொன்னால் பொறுக்கமாட்டார். அவள் மூன்றையும் கையில் வாங்கிப் பார்த்தாள். அளவெல்லாம் அச்சாக இருந்தது. எடை மட்டும் மூன்றிலும் ஆறு கிராம் கூட.

ஆறு கிராமால் நாற்காலி ஒன்றும் கவிழாது. ஆனால் இதே மென்பொருளை நம்பி எவனோ ஒருவன் தலைக்கு மேலே தொங்கும் ஒன்றை வரைந்துகொண்டிருப்பான் என்ற நினைப்பு அவளை விடவில்லை. குழுவில் எழுதிப் போட்டாள்.

அரை மணியில் பதில் வந்தது. "அலுமினியத்துக்கு அலுமினியம் எடை மாறும் சார். எதுக்கும் தராசை ஒரு தடவை சரிபாருங்க." அதற்கு ஒன்பது பேர் கட்டைவிரல் உயர்த்தியிருந்தார்கள். ஆணியிடமிருந்து ஒரு வார்த்தை இல்லை.

வீட்டில் சோற்றை அளைந்துகொண்டிருந்தவளிடம் நாத்தனார் விஷயத்தைக் கேட்டறிந்தாள். நாத்தனார் தையல்காரி. வாயிலும் ஊசி வைத்திருப்பவள். "அடுத்த வீட்டுக்குள்ள போயி குழம்புல உப்பில்லைன்னு சொன்னா யாருக்குத்தான் பிடிக்கும்?"

"அது அடுத்த வீடு இல்லைண்ணி. நம்ம வீடும்தான். எல்லாரும் வாங்கன்னு வாசல்லயே எழுதி வச்சிருக்காங்க."

"அப்போ உப்பில்லைன்னு சொன்னா மட்டும் பத்தாது. எந்தக் கரண்டில குறைஞ்சுதுன்னு காட்டு."

அந்தப் பேச்சு அவளுக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. விடிந்ததும் மைக்ரானிடம் போனாள். ஒரே அலுமினியக் கட்டையிலிருந்து இரண்டு துண்டு வெட்டச் சொன்னாள். ஒன்றில் மூலையை உருட்டவில்லை, கூராகவே விட்டார்கள். அதன் எடையும் கணினிக் கணக்கும் சொல்லிவைத்தாற்போல ஒத்துப்போயின. உருட்டிய துண்டில் மறுபடியும் அதே ஆறு கிராம். மூலையை இன்னும் பெரிதாக உருட்டினால் வித்தியாசமும் பெரிதானது. அலுமினியமும் பொய் சொல்லவில்லை, தராசும் பொய் சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை பகல் சாப்பாட்டு நேரத்தில் குழுவின் கூட்டம் திரையில் கூடியது. இருபத்திரண்டு முகங்கள். இதுவரை எழுதியே பழகியவள் முதல்முறையாகப் பட்டறைக் கணினியில் ஒலிவாங்கியையும் கேமராவையும் திறந்தாள். அவள் முகம் திரையில் வந்தது.

"மூலைமட்டம் சார்... நீங்களா?" என்றது ஒரு குரல்.

"நான்தான். சாரை அப்புறம் தேடிக்கலாம், முதல்ல இதைப் பாருங்க."

மைக்ரான் கேமராவுக்கு நேரே தராசை வைத்து, துண்டுகளை ஒவ்வொன்றாக ஏற்றினார். அவள் கணக்கைச் சொல்லிக்கொண்டே போனாள். எண் ஒன்றுகூடத் தடுமாறவில்லை.

"அந்த ஃபைலை எனக்கு அனுப்புங்க" என்றார் ஆணி. அவ்வளவுதான். அவர் தட்டச்சு செய்யும் சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டிருந்தது. இரண்டு வருட உழைப்பில் கைவைத்துவிட்டோமே, மனிதர் என்ன நினைப்பாரோ என்று எண்ணியபடி அவள் துண்டுகளைத் தராசிலிருந்து இறக்கி வைத்தாள்.

பத்து நிமிடம் கழித்து அவர் நிமிர்ந்தார்.

"கம்ப்யூட்டர் உருவத்துல, அந்த மூலையில ஒரு சின்னத் துண்டு, உள்பக்கம் வெளிப்பக்கமா திரும்பிக் கிடக்கு. பார்க்க நல்லாத்தான் தெரியும். கன அளவு போடும்போது அதைக் கூட்டறதுக்குப் பதிலா கழிச்சிடுது, எடையும் குறைஞ்சு வருது. உங்க தராசு சரிதான்க்கா. தப்பு என்னோடது." வெளியீட்டுப் பக்கத்தைத் திறந்து தேதியை அழித்தார். "நாளைக்கு வெளியீடு கிடையாது."

தராசைச் சரிபார்க்கச் சொன்னவர் அன்று சாயங்காலமே குழுவில் மன்னிப்புக் கேட்டார். அவருக்கும் ஒன்பது கட்டைவிரல்.

ஆணிக்கு அந்த மூலையைச் சரிசெய்ய பதினொரு நாள் பிடித்தது. நடுவில் ஒருநாள் அவளுக்கு எழுதினார்: "இந்தப் பிசகு திரும்ப வராம இருக்க, ஒவ்வொரு வெளியீட்டுக்கும் முன்னாடி தானா ஓடிப் பார்க்கிற ஒரு சோதனை நிரல் வேணும். நீங்களே எழுதுங்க."

"எனக்கு நிரல் தெரியாதே."

"எடைபோடத் தெரியுமில்ல? அது போதும்."

பழைய சோதனைகளைப் பார்த்துப் பார்த்து அவள் பதினான்கு வரி எழுதினாள். பிடிமானத்தை வரை, மூலையை உருட்டு, கன அளவைப் பார், ஒத்துப்போகாவிட்டால் நிறுத்து. இரண்டு முறை திருப்பி அனுப்பினார்கள். ஒருமுறை அடைப்புக்குறி தவறு, ஒருமுறை பிழையை எவ்வளவு வரை பொறுக்கலாம் என்று அவள் சொல்லவில்லை. அந்த அளவை மைக்ரானிடம் கேட்டாள். அவர் சொன்னதை அப்படியே எழுத முடியாது, மென்பொருளே மூச்சுத் திணறிப்போகும். அதைவிடக் கொஞ்சம் தாராளமாக வைத்தாள். மூன்றாம் முறை ஏற்றுக்கொண்டார்கள்.

புதிய பதிப்பு வெளிவந்த அன்று பங்களித்தவர்கள் பட்டியலை நாத்தனாரிடம் காட்டினாள். நிரல் எழுதியவர்கள் வரிசையில் 'மூலைமட்டம்' என்று இருந்தது. நாத்தனார் கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு அந்தப் பெயரை இரண்டு தடவை வாசித்தாள். பிறகு தைத்துக்கொண்டிருந்த சட்டையை வைத்துவிட்டு எழுந்து, மாடிவீட்டு அம்மாளைக் கூட்டிவந்து காட்டினாள். அந்த அம்மாளுக்கு ஒன்றும் புரியவில்லை. "எல்லா தேசத்துலயும் இதை வச்சுத்தான் வரையறாங்களாம். எங்க வீட்டுப் பொண்ணு நிறுத்துன்னா நிக்குமாம்" என்று நாத்தனார் விளக்கினாள். விளக்கம் கொஞ்சம் மிகைதான். அவள் மறுத்துப் பேசாமல் காபி கலக்கப் போய்விட்டாள். அடுப்படியில் தனியாக நின்று சிரித்தாள்.

ஏழு மாதம் கழித்து அடுத்த பதிப்புக்கு நாள் பார்க்க மறுபடி கூடினார்கள். ஆணி சுற்றிவளைக்காமல் சொன்னார்.

"இனிமே வெளியிடலாமா வேண்டாமான்னு கடைசி வார்த்தையை அக்கா சொல்லட்டும். எல்லாருக்கும் சம்மதமா?"

இருபத்திரண்டு பேர் இப்போது முப்பத்தொன்று ஆகியிருந்தார்கள். ஒருவரும் மறுக்கவில்லை. அவளுக்கு நெஞ்சு நிறைந்தது. தண்ணீர் குடித்தாள்.

"சரி" என்றாள். "வியாழக்கிழமை வரைக்கும் டைம் குடுங்க. செஞ்சு, எடைபோட்டுப் பார்த்துட்டுச் சொல்றேன்."