வெங்காயத்தை ஆப்பிள் என்றவர்

மெக்கானிக் கை வைத்தால் ஓடாத இயந்திரம் கிடையாது. ஓய்வு பெறும்வரை வங்கி வங்கியாகப் போய்ப் பணம் தரும் இயந்திரங்களை மாட்டிக் கொடுத்தவர். அதனால் எத்தனை கவுண்டர்கள் மூடின என்று கேட்டால் மட்டும் அவருக்குக் காது கேட்காது. அப்பேர்ப்பட்டவருக்குத் தெருமுனை சூப்பர் மார்க்கெட்டில் நாமே பில் போட்டுக்கொள்ளும் இயந்திரம் பிடிபடவே இல்லையாம். நம்புங்கள்!

தினமும் சாயங்காலம் வருவார். வெங்காயத்தை எடைத்தட்டில் வைத்துவிட்டுத் திரையில் ஆப்பிள் படத்தைத் தொடுவார். மேலிருக்கும் கேமரா தவறைக் கண்டுகொள்ள, சிவப்பு விளக்கு எரியும். முன்பு கல்லாவில் இருந்து, இப்போது இயந்திரங்களுக்குக் காவல் நிற்கும் பெண் நடந்து வருவாள்.

“ஏன் சார், நேத்துதானே சொல்லிக்குடுத்தேன்?”

“வயசாச்சும்மா. மண்டையில ஏற மாட்டேங்குது.”

“உரிச்சா கண்ணுல தண்ணி வந்தா வெங்காயம். வரலைன்னா ஆப்பிள். போதுமா?”

மனைவி போனபின் அவர் வீட்டில் பேசுவது ரேடியோ மட்டும்தான். இந்த நாலு வார்த்தைக்காக மனிதர் வெங்காயமாக வாங்கிக் குவித்தார். பாதி அழுகித்தான் போனது.

ஒருநாள் விளக்கு எரிந்தது, அவள் வரவில்லை. சிவப்பு தானாகவே பச்சையானது. “நன்றி, மீண்டும் வருக” என்றது இயந்திரம். திரும்பிப் பார்த்தால், அவளை மூலையில் ஒரு நாற்காலியில் உட்கார வைத்திருந்தார்கள். முன்னால் ஒரு திரை, கையருகே ஒரு பொத்தான். அங்கிருந்தே எல்லாவற்றையும் சரிசெய்துவிடலாம்.

மேனேஜருக்குப் பெருமை தாங்கவில்லை. “உங்களை மாதிரி பெரியவங்க காத்துக்கிட்டு நிக்கக் கூடாது பாருங்க. அதுக்குத்தான் சார் இந்த ஏற்பாடு.”

மெக்கானிக்குக்கு அழுகை முட்டியது. இனி வீட்டு ரேடியோவே கதி என்று தோன்றியது. வெட்கத்தை விட்டு மூலைக்கே போனார்.

“ஒண்ணு சொல்லணும்மா. எனக்கு அந்த மெஷின் நல்லாவே தெரியும்.”

“தெரியும் சார்.”

“எப்ப இருந்து?”

“மொத நாளே. ரசீது சிக்கினதும் நீங்களே மூடியைத் திறந்து சரி பண்ணிட்டு, ஒண்ணும் தெரியாத மாதிரி நின்னீங்களே!”

“அப்புறம் ஏம்மா தினமும் நடந்து வந்தே?”

அவள் சிரிக்கப் பார்த்தாள். சிரிப்பு வரவில்லை. “இந்தக் கடையில நாள் முழுக்க என்கிட்ட பேசுற ஒரே ஆள் நீங்கதான் சார்.”

கடையில் கூட்டத்துக்குக் குறைவில்லை. எல்லோரும் திரைகளைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள். மெக்கானிக் பையைக் கீழே வைத்தார்.

“சாப்பிட்டியாம்மா?” என்றார்.