செண்பகவல்லியின் மௌனம் சாட்சி சொன்ன நாள்

எங்கள் கோர்ட்டில் பெண்களின் மௌனமும் சாட்சிக் கூண்டில் ஏறும். கேட்ட கேள்விக்கு அது பதில் சொல்லாவிட்டால் ‘ஆமாம்’ என்று பதிவு செய்ய வேண்டும். பத்தொன்பது வருடங்களாக அந்த ‘ஆமாம்’களைத் தட்டச்சு செய்பவள் நான்.

செவ்வாய்க்கிழமை நூற்பாலை வழக்கு. சூப்பர்வைசர் தனுஷ்கோடி பஞ்சுக் கிடங்கில் வைத்துத் தன்னைப் பலாத்காரம் செய்ததாகச் செண்பகவல்லி புகார் கொடுத்திருந்தாள். அன்று அவள் கத்தவில்லை. ஆகவே தனுஷ்கோடியின் வக்கீல் ஆவுடையப்பன் அவளுடைய மௌனத்துக்குச் சம்மன் அனுப்பியிருந்தார்.

டவாலி மூன்று முறை அழைத்ததும் அது வந்தது. பதினொரு நிமிட மௌனம். தலையெல்லாம் பஞ்சு, ஒரு காலில் செருப்பில்லை.

“செண்பகவல்லிக்குச் சம்மதம்தானே?” என்றார் வக்கீல்.

அது பேசவில்லை. ‘ஆமாம்’ என்று தட்டினேன். பழம் நழுவிப் பாலில் விழுந்த முகத்தோடு வக்கீல் உட்கார்ந்தார்.

அரசு வக்கீல் வழக்கம்போல் வேறு கோர்ட்டில் இருந்தார். செண்பகவல்லி எழுந்தாள்.

“ஐயா, நான் மூணு கேள்வி கேக்கட்டுமா?”

நீதிபதி தலையசைத்தார். அவள் கூண்டருகே போனாள். மௌனத்தின் தலையில் ஒட்டியிருந்த பஞ்சைப் பொறுமையாக எடுத்துவிட்டாள்.

“கதவைச் சாத்துனது அந்த ஆளுதானே?”

அது பேசவில்லை. ‘ஆமாம்’ என்று தட்டினேன்.

“பயத்துல தொண்டை அடைச்சுப்போச்சு, அப்படித்தானே?”

‘ஆமாம்.’

“சம்மதம்னு இவங்களா எழுதிக்கிட்டாங்க, இல்லையா?”

இந்த ‘ஆமாம்’ஐ என் விரல்கள் கொஞ்சம் அழுத்தியே தட்டின. எனக்குச் சந்தோஷமாக இருந்தது, மறைப்பானேன்.

“உங்களுக்கு ஆட்சேபம் இல்லைதானே?” என்று நீதிபதி ஆவுடையப்பனைக் கேட்டார். இவள் கேட்டதற்கான பதில் செல்லாதென்றால் அவர் கேட்டதற்கான பதிலும் செல்லாது. எழுந்தவர் வாயைத் திறந்து மூடினார். அதற்கும் ‘ஆமாம்’ போட்டேன்.

தனுஷ்கோடிக்குப் பத்து வருடம் தீர்ப்பானது. செண்பகவல்லி தன் செருப்பில் ஒன்றைக் கழற்றி மௌனத்தின் காலில் மாட்டினாள். பிறகு அதைக் கைப்பிடித்து வெளியே கூட்டிப் போனாள்.

மறுநாள் காலை நான் போனபோது, மறுவிசாரணை கேட்டு மௌனங்கள் சைக்கிள் ஸ்டாண்டு வரை வரிசையில் நின்றன. பேனாவை எடுத்து ஒவ்வொன்றாகப் பெயர் எழுதினேன். நான்காவதாக நின்றது என்னுடையது. இருபத்து மூன்று வருட மௌனம், வழக்கு எண் கிடையாது. பெயரை எழுதிக்கொண்டு, கூப்பிடும் வரை பெஞ்சில் உட்காரச் சொன்னேன்.